உன் லசான்யாவை முரளிக்குப் பரிமாறினோம்

என் ஒரே அண்ணே,

முதலில் நல்ல செய்தி. உன் ஓவன் இன்னும் வேலை செய்கிறது.

இரண்டாவதும் நல்ல செய்திதான். ஆனால் அதை உன்னிடம் சொல்ல எனக்குக் கொஞ்சம் தைரியம் வேண்டியிருக்கிறது. அண்ணி மறுபடியும் கல்யாணம் செய்துகொள்ளப் போகிறார். அம்மாவுக்குச் சம்மதம். உன் பெண் யாழினிக்கும் சம்மதம் மாதிரிதான். ஞாயிற்றுக்கிழமை அந்த மனிதர் கிள்ளான் வீட்டுக்கு வந்து சாப்பிட்டுவிட்டுப் போனார். அன்று என்ன நடந்தது என்பதை உனக்கு யாராவது முழுசாகச் சொல்ல வேண்டும் இல்லையா? அம்மா சொல்ல மாட்டார். அண்ணி உன் படத்துக்கு முன்னால் நின்று தினமும் எதையோ முணுமுணுக்கிறார். அது உங்கள் இருவருக்குள் உள்ளது. என் பங்குக்கு நான் எழுதிவிடுகிறேன்.

உன்னைத் தெரியாதவர்களும் இதைப் படிக்கலாம். புருஷன் இறந்த வீட்டில் கல்யாணப் பேச்சு நடக்கும்போது இவள் ஏன் ஓவனில் போய் ஆரம்பிக்கிறாள் என்று அவர்கள் நினைக்கக் கூடாது. அதனால் உனக்குத் தெரிந்ததையே கொஞ்சம் திருப்பிச் சொல்கிறேன், பொறுத்துக்கொள்.

நீ ஓட்டல் சமையலறைகளில் ஓவனும் அடுப்பும் பழுது பார்த்தவன். கோலாலம்பூரில் உன் வேன் நிற்காத பின்சந்து குறைவு. ஒரு நாள் பங்சாரில் ஓர் இத்தாலியச் சாப்பாட்டுக் கடையில் ஓவனைச் சரிசெய்தாய். சரியாகிவிட்டதா என்று பார்க்க அங்கிருந்த சமையற்காரர் ஒரு தட்டு லசான்யாவை உள்ளே தள்ளினார். வெந்து வந்ததில் ஒரு துண்டை வெட்டி உன் கையில் கொடுத்தார். அன்று வீட்டுக்கு வந்ததிலிருந்து உனக்கு வேறு பேச்சே இல்லை. கொஞ்ச நாளில் அதே கடை தூக்கிப் போட இருந்த பழைய ஓவனைக் கேட்டு வாங்கி வேனில் ஏற்றிக்கொண்டு வந்தாய். அது சமையலறையில் பாதி இடத்தை அடைத்துக்கொண்டது. அண்ணி இரண்டு நாள் உன்னோடு பேசவில்லை.

நீ முதன்முதலாகச் செய்த லசான்யாவை அம்மா கரண்டியால் புரட்டிப் பார்த்தது ஞாபகம் இருக்கிறதா? மாவுத் தகடு, அதன்மேல் கறி, அதன்மேல் வெள்ளை சாஸ், சீஸ், மறுபடியும் மாவுத் தகடு. "என்னடா இது, குவே லாப்பிஸ்ல கறிய வச்ச மாதிரி இருக்கு" என்றார். மலாய்க்காரர்கள் அடுக்கடுக்காக அவித்துச் செய்கிற அந்த இனிப்பைத்தான் சொன்னார். சொல்லிவிட்டு இரண்டு துண்டு சாப்பிட்டார். அதற்குப் பிறகு மாதத்தில் ஒரு ஞாயிற்றுக்கிழமை உன் சமையல் என்று ஆகிவிட்டது. கறித்தூள் மட்டும் அந்தப் பக்கமே வரக் கூடாது உனக்கு. அம்மா மிளகாய்த் தூள் டப்பாவோடு அடுப்புப் பக்கம் வந்தால் கையைப் பிடித்துத் திருப்பி அனுப்புவாய்.

நீ வேலை செய்த இடத்திலேயே நெஞ்சைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்தாய். எழுந்திருக்கவில்லை. மூன்று வருடம் ஆகிறது. ஓவன்மேல் அண்ணி ஒரு மேசைத்துணியைப் போட்டு மூடினார். பிறகு அதன்மேல் ரைஸ் குக்கரைத் தூக்கி வைத்தார். அது ஒரு மேசையாகிப்போனது. அந்த வீட்டில் யாரும் லசான்யா என்ற வார்த்தையைச் சொல்லவில்லை.

போன ஜூலையில் அண்ணி எனக்குப் போன் செய்தார். "சுமதி, மத்தியானம் பிரிக்பீல்ட்ஸ் பக்கம் வர முடியுமா?" என்று கேட்டார். அண்ணி இப்போது அங்கே ஒரு மூக்குக்கண்ணாடிக் கடையில் வேலை பார்க்கிறார். கிள்ளானிலிருந்து தினமும் கொமுட்டர் இரயிலில்தான் போய் வருகிறார். என் ஆபீசிலிருந்து நடக்கிற தூரம்தான். வழக்கமான வாழை இலைச் சாப்பாட்டுக் கடையில் உட்கார்ந்தோம். சோறு வந்த பிறகும் அண்ணி இலையில் கை வைக்கவில்லை.

"உன்கிட்டதான் முதல்ல சொல்றேன். மாமிக்குத் தெரியாது" என்றார்.

ஏதோ நோய் என்று நினைத்துவிட்டேன். "டாக்டரப் பாத்தீங்களா அண்ணி?" என்று கேட்டேன்.

அண்ணிக்குச் சிரிப்பு வந்துவிட்டது. "உடம்புக்கு ஒண்ணும் இல்ல லா."

அப்புறம்தான் முரளி என்ற பெயரைச் சொன்னார். பக்கத்துக் கடைக்காரர். கல்யாணப் பத்திரிகை அச்சடிக்கிறார். அவருக்குக் கல்யாணம் ஆகவில்லை. படுக்கையில் கிடந்த அம்மாவைப் பல வருடம் பார்த்துக்கொண்டார். அந்த அம்மா போய்ச் சேர்ந்தபோது அவருக்கு நாற்பத்தைந்து தாண்டிவிட்டது. "மழ நாள்ல ஸ்டேஷன் வரைக்கும் குடை பிடிச்சிட்டு வருவாரு. அவ்வளவுதான் ஆரம்பம். ஒரு வருஷத்துக்கு மேல வெறும் மழையப் பத்தித்தான் பேசினோம்" என்றார் அண்ணி.

பிறகு, "உங்க அண்ணன மறந்துட்டேன்னு நினைப்பியா?" என்று கேட்டார்.

என் கை ரசத்தில் அப்படியே நின்றது. மறந்தவர் இப்படியா கேட்பார்? ஆனால் என் வாயில் வேறு வந்தது. "அம்மா…" என்றேன்.

"அதான்" என்றார் அண்ணி. "மாமி வேணாம்னு சொன்னா நான் விட்டுடுவேன்."

அதை அவர் மிரட்டலாகச் சொல்லவில்லை. மனத்தாங்கலாகவும் சொல்லவில்லை. நாளைக்கு மழை வந்தால் துணி காயப் போட மாட்டேன் என்பதைப் போலச் சொன்னார். அதுதான் எனக்குப் பயமாக இருந்தது. உன் பெண்டாட்டி அப்படித்தான் இல்லையா? விட்டுவிடுவார். விட்டதை யாரிடமும் சொல்லவும் மாட்டார்.

அம்மாவை நினைத்தால் இன்னொரு பயம். நீ இருந்தபோது மாமியாருக்கும் மருமகளுக்கும் நடுவில் எப்போதும் ஒரு சின்னப் பனிப்போர் ஓடிக்கொண்டிருக்கும். நீ போன பிறகு இரண்டு பேரும் ஒரே அறையில் படுக்கிறார்கள். அம்மாவுக்கு மாத்திரை எடுத்துக் கொடுப்பது அண்ணி. அண்ணி வேலை முடிந்து வரும்வரை வாசல் கேட்டைப் பூட்டாமல் காத்திருப்பது அம்மா. அண்ணி போய்விட்டால் அம்மா என்ன செய்வார்? பூச்சோங்கில் பதினாறாவது மாடியில் என்னோடு வந்து இருப்பாரா? லிப்டில் ஏறவே அவருக்குப் பிடிக்காது. கிள்ளானில் அந்தத் தாமான் குடியிருப்பில் பக்கத்து வீட்டுச் சீனக் கிழவியோடு வேலிக்கு மேல் மூன்று மொழியில் பேசாமல் அவருக்குப் பொழுது போகாது.

சொல்லாமல் கொஞ்ச நாள் தள்ளிப்போட்டேன். பிறகு ஒரு விடுமுறை நாளில் அம்மாவைப் பத்துமலைக்குக் கூட்டிப் போனேன். அம்மா இப்போதெல்லாம் படி ஏறுவதில்லை. கீழேயே கும்பிட்டுவிட்டு, இளநீர் வாங்கிக்கொண்டு நிழலில் உட்கார்ந்தோம். வரும் வழியெல்லாம் மனப்பாடம் செய்து வைத்திருந்ததைத் தொடங்கினேன். "அம்மா, அண்ணியப் பத்தி ஒரு விஷயம்…"

"தெரியும்" என்றார் அம்மா.

"என்ன தெரியும்?"

"யாரோ இருக்காங்கன்னு தெரியும். யாருன்னு தெரியாது."

"எப்படிம்மா?"

அம்மா இளநீரைக் கீழே வைத்தார். "உங்கண்ணன் போனதுலேர்ந்து அவ சமையல்ல உப்பு சரியா இருந்ததே இல்ல. ஒரு நாள் இருக்காது, ஒரு நாள் அள்ளிக் கொட்டியிருப்பா. நான் ஒண்ணும் சொல்ல மாட்டேன். இப்ப ரெண்டு மூணு மாசமா சரியாப் போடுறா."

சொல்லிவிட்டு இளநீரைக் குடித்து முடித்தார். காரில் கண்ணை மூடிக்கொண்டார். அந்த வாரம் முழுக்க எனக்கு வேலை ஓடவில்லை. சரி என்று அர்த்தமா, வேண்டாம் என்று அர்த்தமா? அண்ணியிடம் என்ன சொல்வது? பிறகு ஒரு காலையில் அம்மாவே போன் செய்தார்.

"அந்தப் பையன ஞாயித்துக்கெழம வரச் சொல்லு. சாப்பிடட்டும்."

"அம்மா, உங்களுக்கு நெஜமாவே…"

"போனது என் மகன். அவ இங்கதானே இருக்கா. அவளையும் போனவ மாதிரி வச்சிருக்க முடியுமா?" போனை வைத்துவிட்டார்.

மிச்சம் இருந்தது யாழினி. அவள் இப்போது இடைநிலைப் பள்ளியில் படிவம் ஒன்று படிக்கிறாள். உயரத்தில் அண்ணியைத் தாண்டிவிட்டாள். அண்ணி அவளை உட்கார வைத்துச் சொன்னபோது நானும் இருந்தேன். அவள் அழவில்லை, கத்தவில்லை. "அவரு இங்க வருவாரா, நாம அங்க போகணுமா?" என்று மட்டும் கேட்டாள். அண்ணி பதில் தேடுவதற்குள் எழுந்து அறைக்குப் போய்க் கதவைச் சாத்திக்கொண்டாள். அரை மணி நேரம் கழித்துக் கதவு திறந்தது.

"ஞாயித்துக்கெழம அப்பாவோட லசான்யா செய்யணும். இல்லன்னா நான் வெளிய வர மாட்டேன்."

"ஏம்மா?" என்றேன்.

"அவரு சாப்பிட்டுப் பாக்கட்டும். இந்த வீட்ல யாரு இருந்தாங்கன்னு தெரியட்டும்."

அண்ணியின் முகம் வெளுத்துப் போனது. மூன்று வருடமாக அந்த மேசைத்துணியை அவர் தூக்கக்கூட இல்லை. "செஞ்சிடலாம்" என்று நான்தான் சொன்னேன். எந்தத் தைரியத்தில் சொன்னேன் என்று தெரியவில்லை. உன் லசான்யாவைப் பற்றி எனக்குத் தெரிந்ததெல்லாம் சாப்பிடுவதுதான்.

ஞாயிற்றுக்கிழமை காலையிலேயே கிள்ளான் பாசாருக்குக் கறியும் காய்கறியும் வாங்கப் போனேன். ஆட்டுக்கறிக் கடைக்காரர், "கொத்துக்கறியா அக்கா? கட்லெட் செய்யப் போறீங்களா?" என்று கேட்டார். லசான்யா என்றேன். "அப்ப கொஞ்சம் கொழுப்பு சேத்துக் கொத்துறேன். இல்லன்னா காஞ்சு போயிடும்" என்றார். தைப்பூசத்துக்குப் பால்குடம் தூக்குகிற ஊரில் லசான்யாவும் ஊறிப்போய்விட்டது, பார்த்தாயா?

வீட்டில் ரைஸ் குக்கரை இறக்கினேன். துணியை எடுத்தேன். பிளக்கை மாட்டி, கண்ணை மூடிக்கொண்டு விசையைத் திருப்பினேன். உள்ளே விளக்கு எரிந்தது. கொஞ்ச நேரத்தில் தூசி கருகுகிற வாசம் வந்தது. அண்ணி பின்வாசலுக்குப் போய்விட்டார். துணி காயப் போடும் கம்பியைப் பிடித்துக்கொண்டு அந்தப் பக்கம் பார்த்து நின்றார். நான் கூப்பிடவில்லை. வெங்காயத்தை நறுக்க ஆரம்பித்தேன்.

அவர் திரும்பி வந்து என் பலகையைப் பார்த்தார். "இவ்ளோ பெருசா வெட்டினா அவருக்குப் பிடிக்காது" என்று கத்தியை வாங்கிக்கொண்டார். உனக்குப் பிடிக்காது என்றுதான் சொன்னார், அண்ணே. பிடித்திருக்காது என்று யாரும் திருத்தவில்லை.

வெங்காயம், கேரட், செலரி எல்லாவற்றையும் மணல் மாதிரி நறுக்கினார் அண்ணி. நீ சமைக்கும்போதெல்லாம் நறுக்கியது அவர்தானே. கை மறக்கவில்லை. மெல்லிய தீயில் அதை வதக்கி, கறியைப் போட்டுத் தண்ணீர் சுண்டும்வரை கிளறி, டின் தக்காளியை உடைத்து ஊற்றினார். "எண்ணெய் பிரிஞ்சு மேல வரணும், அவசரப்படக் கூடாது" என்றார். உன் இத்தாலியச் சமையல் அந்த இடத்தில் நம் குழம்புதான் என்று எனக்கு அப்போதுதான் உறைத்தது.

வெள்ளை சாஸை நான் கெடுத்தேன். வெண்ணெய் உருகி, மாவு போட்டு, பாலை ஊற்றியதும் குண்டு குண்டாகக் கட்டி தட்டியது. வாசலில் நின்று பார்த்துக்கொண்டிருந்த அம்மாவுக்குப் பொறுக்கவில்லை. "கூழு கிண்டத் தெரியாதாடி உனக்கு? தள்ளு" என்றார். அந்தச் சட்டியைக் கவிழ்த்துவிட்டுப் புதிதாக ஆரம்பித்தார். பாலைக் கொஞ்சம் கொஞ்சமாக விட்டு, கை நிற்காமல் கிண்டினார். சாஸ் வழவழவென்று வந்தது. யாழினி ஜாதிக்காயைத் துருவிப் போட்டாள்.

"அவன் என்னையத்தானே கிண்ட வைப்பான்" என்றார் அம்மா. "கை வலிக்குதுடான்னு சொன்னா, உங்க கைதான்மா மிஷினு, நான் ரிப்பேர் பண்றவன் மட்டும்தான்னு சொல்லுவான்." சொல்லிவிட்டுச் சிரித்தார். நீ போன பிறகு உன்னைப் பற்றிப் பேசி அம்மா சிரித்து நான் பார்த்தது அதுதான் முதல் தடவை.

அடுக்கும் வேலை முழுக்க யாழினிக்கு. யாரையும் தொட விடவில்லை. முதலில் கொஞ்சம் சாஸ், பிறகு மாவுத் தகடு. தகடு பத்தாத ஓரங்களில் உடைந்த துண்டுகளைப் பொருத்தினாள். "இடைவெளி விட்டா கறி ஒழுகிடும். அப்பா டைல்ஸ் ஒட்டுற மாதிரி ஒட்டுவாரு" என்றாள். மேலே சீஸைத் தூவும்போது அம்மாவின் கை மிளகாய்த் தூள் டப்பாவுக்குப் போனது.

"பாட்டி, இன்னைக்கு மட்டும் வேணாம்."

அம்மா டப்பாவை வைத்துவிட்டார்.

தட்டை உள்ளே வைத்த கொஞ்ச நேரத்தில் முரளி வந்தார். இரயில் நிலையத்திலிருந்து வெயிலில் நடந்தே வந்திருக்கிறார். இஸ்திரி போட்ட சட்டை முதுகோடு ஒட்டியிருந்தது. கையில் ஒரு பை நிறைய மங்குஸ்தான். ஒல்லியான ஆள். உன் படத்துக்கு முன்னால் போய் நின்று கும்பிட்டார். அதிக நேரம் நிற்கவில்லை. அது எனக்குப் பிடித்திருந்தது.

அம்மா எதிரில் உட்கார்ந்துகொண்டு விசாரித்தார். "சொந்த ஊரு எது தம்பி?"

"ஜெஞ்சாரோம் பக்கத்துல ஒரு தோட்டத்துல பொறந்தேன்மா. இப்ப அங்க எல்லாம் வீடு கட்டிட்டாங்க."

"டீ குடிப்பீங்களா?"

"தே ஓ போதும்மா." பால் இல்லாத டீ. அதை யாரும் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை.

அப்புறம் அவருக்குப் பேச ஒன்றும் கிடைக்கவில்லை. பதற்றத்தில் பத்திரிகை அட்டை வகைகளைப் பற்றிப் பேச ஆரம்பித்தார். எந்த அட்டையில் தங்க மை ஒட்டும், எதில் உதிரும் என்று அம்மாவுக்கு ஒரு பாடமே நடத்தினார். அம்மா முகத்தை எங்கே வைத்துக்கொள்வது என்று தெரியாமல் தலையாட்டிக்கொண்டிருந்தார். உனக்கு அவரைப் பிடித்திருக்குமா, அண்ணே? நீ இருந்திருந்தால் அவரோடு… இல்லை. நீ இருந்திருந்தால் அவர் அங்கே வந்திருக்கவே மாட்டார். இந்த வாக்கியத்தை எத்தனை தடவை ஆரம்பித்தாலும் முடிக்க முடியவில்லை.

யாழினி அறையைவிட்டு ஒரு தடவைதான் வந்தாள். ஓவனைத் திறந்து தட்டைத் திருப்பி வைத்தாள். "பின்னாடி எடது மூலை சூடு அதிகம்" என்று என்னிடம் சொன்னாள். அவரைப் பார்க்காமலே திரும்பிப் போனாள்.

லசான்யா மேலே பொன்னிறமாகக் குமிழி விட்டு வெளியே வந்தது. உடனே வெட்டினால் சரிந்துவிடும், ஆற வேண்டும் என்று அண்ணி சொன்னார். எல்லோரும் மேசையைச் சுற்றி உட்கார்ந்து அதையே பார்த்துக்கொண்டிருந்தோம். யாழினி வந்து கத்தியை எடுத்தாள். முதல் துண்டை, அதுவும் பெரிய துண்டாக, அவர் தட்டில் வைத்தாள். அடுக்கு கலையாமல் நின்றது.

"இது எங்கப்பா செய்யிற சாப்பாடு."

"சொன்னாங்கம்மா" என்றார் முரளி.

அவர் சாப்பிட்டார். அவள் தன் தட்டைத் தொடாமல் அவர் வாயையே பார்த்துக்கொண்டிருந்தாள். "எப்படி இருக்கு?" என்று கேட்டாள். கேட்ட குரலில் மரியாதை கொஞ்சம்தான் இருந்தது.

அவர் யோசித்தார். "நான் இதுக்கு முன்னால சாப்பிட்டதில்லமா. அதனால எதோட ஒப்பிடறதுன்னு தெரியல. ஆனா இத செஞ்சவரு ரொம்பப் பொறுமையான ஆளா இருந்திருக்கணும்."

 அவள் இன்னொரு துண்டை எடுத்து வைத்தாள். அதையும் சாப்பிட்டார். அந்த இரண்டாவது துண்டு பாதி இருக்கும்போதுதான் அவர் நெற்றியில் வேர்வை முத்து முத்தாக நிற்பதைப் பார்த்தேன். அண்ணியும் பார்த்தார். கரண்டியைக் கீழே போட்டார்.

"ஐயோ முரளி, இதுல பாலு… வெண்ணெ, சீஸு…"

"பரவால்ல" என்றார் அவர். தட்டைக் காலிசெய்தார். பிறகு மிகவும் மரியாதையாக எழுந்து, "பாத்ரூம் எங்க இருக்குங்க?" என்று கேட்டார்.

கதவு சாத்திக்கொண்டது. நேரம் போனது.

"அவருக்குப் பால் ஒத்துக்காது" என்றார் அண்ணி. "சின்ன வயசுலேர்ந்தே. ஒரு வாய் மோரு குடிச்சாக்கூட அன்னைக்கு முழுக்க அவஸ்தப்படுவாரு. காலையிலேர்ந்து இருந்த பயத்துல எனக்கு ஒண்ணுமே ஓடல. எப்படி மறந்தேன்னு தெரியல."

யாழினி அண்ணியைப் பார்த்தாள். பிறகு பாத்ரூம் கதவைப் பார்த்தாள். "அப்புறம் ஏன் ரெண்டாவது துண்டையும் சாப்பிட்டாரு?"

அப்போது அம்மா எழுந்து போய்க் கதவுக்கு வெளியே நின்று, தெருவுக்கே கேட்கிற குரலில், "தம்பி, ஓமத் தண்ணி போடவா?" என்றார்.

உள்ளேயிருந்து மெல்லிய குரலில், "சரிங்கம்மா" என்று வந்தது.

யாழினி வாயைப் பொத்திக்கொண்டாள். முடியவில்லை. முதலில் மூக்கு வழியாக ஒரு சத்தம் வந்தது. பிறகு மேசையில் தலையை வைத்துக்கொண்டு குலுங்கிக் குலுங்கிச் சிரித்தாள். என்னாலும் அடக்க முடியவில்லை. அண்ணி முந்தானையால் முகத்தை மூடிக்கொண்டு சிரித்தாரா அழுதாரா என்று எனக்குத் தெரியாது. அந்த வீட்டில் அப்படி ஒரு சத்தம் கேட்டு எத்தனை நாளாயிற்று?

அவர் வெளியே வந்தபோது முகம் வெளிறிக் கிடந்தது. அம்மா பிடித்துக்கொண்டார். "பால் ஒத்துக்காதுன்னா சொல்ல வேண்டியதுதானே தம்பி. சோறும் ரசமும் இருக்கே. ஏன் இப்படி உடம்பக் கெடுத்துக்கிட்டீங்க?"

அவர் தரையைப் பார்த்தார். "உங்க மகன் செய்யிற சாப்பாடுன்னு சொன்னாங்கம்மா. பாப்பா தன் கையால எடுத்து வச்சிச்சு. வேணாம்னு சொல்ல மனசு வரல."

ஓமத் தண்ணீரை யாழினிதான் கொண்டுவந்து கொடுத்தாள். அவர் குடித்து முடிக்கிறவரை பக்கத்திலேயே நின்றாள். "சூப்பர்மார்க்கெட்ல லேக்டோஸ் இல்லாத பாலு விக்கிறாங்க அங்கிள். சீஸும் இருக்கு. அடுத்த தடவ அதுல செய்யலாம்."

"உங்கப்பா ஒத்துக்குவாரா?" என்று கேட்டார் அவர்.

அவள் உண்மையாகவே யோசித்தாள். "ஒத்துக்குவாரு. அப்பாவுக்குக் கறித்தூள் போட்டாத்தான் கோவம் வரும்."

வெயில் தாழ்ந்த பிறகு, இன்னொரு தே ஓவுக்குப் பிறகு, அவர் அம்மாவிடம் பேசினார். அட்டையைப் பற்றி இல்லை, அண்ணியைப் பற்றி. "லதா உங்கள விட்டுட்டு வர மாட்டாங்கம்மா. நானும் அப்படிக் கூப்பிடல. பிரிக்பீல்ட்ஸ்ல நான் இருக்கிறது வாடக வீடுதான். உங்களுக்குச் சம்மதம்னா நான் இங்க வந்துடறேன். கடைக்கு இரயில்ல போய்க்கிறேன். சம்மதம் இல்லன்னாலும் சொல்லுங்க, வேற வழி யோசிக்கலாம்."

அம்மா மங்குஸ்தானை உடைத்துக்கொண்டிருந்தார். தோலை ஒரு பக்கம், விதையை ஒரு பக்கம் என்று பிரித்து வைத்தார்.

"அந்த முன் ரூமுல சாமான் நெறையக் கெடக்கு" என்றார் கடைசியில். "ஒதுக்கணும்."

அவ்வளவுதான், அண்ணே. நம் அம்மாவிடமிருந்து அதைவிடப் பெரிய சம்மதம் இந்த ஜென்மத்தில் யாருக்கும் கிடைக்காது. நீதான் அறிவாயே.

சாயங்காலம் நான் கிளம்பும்போது மிச்சமிருந்ததை அண்ணி ஒரு டப்பாவில் கட்டிக் கொடுத்தார். நெடுஞ்சாலையில் ஏறிக் கொஞ்ச தூரத்திலேயே ஒரு பெட்ரோல் நிலையத்தில் வண்டியை ஓரம் கட்டினேன். பெட்ரோல் இருந்தது. ஆனால் ஜூலையிலிருந்து என் தோள்மேல் உட்கார்ந்திருந்தது ஒரே சமயத்தில் இறங்கிவிட்டது. டப்பாவைத் திறந்து, ஆறிப்போன லசான்யாவை விரலாலேயே எடுத்துச் சாப்பிட்டேன். பக்கத்து வண்டிக்காரர் பார்த்தார். பார்க்கட்டும்.

உன்னுடையதைப் போல இருந்ததா என்று கேட்பாய். இல்லை. கறியில் கொஞ்சம் தண்ணீர் நின்றுவிட்டது. அடித் தகடு குழைந்துபோயிருந்தது. நீ செய்திருந்தால் அப்படி விட்டிருக்க மாட்டாய். ஆனாலும் வயிறு நிறைய, அழாமல், சாப்பிட முடிந்தது.

தை பிறந்ததும் பதிவு செய்துகொள்கிறார்கள். கோயிலில் மாலை மாற்றிக்கொள்வது, நாலு பேருக்குச் சாப்பாடு, அவ்வளவுதான். விஷயம் அதற்குள் சொந்தக்காரர்களுக்குப் பரவிவிட்டது. ஒரு சித்தி போன் செய்து, "இதையெல்லாம் பாத்துக்கிட்டு எப்படித்தான் இருக்கீங்களோ" என்று அம்மாவிடம் இழுத்தாராம். "நல்லாத்தான் இருக்கேன்" என்று சொல்லி அம்மா போனை வைத்துவிட்டார். பத்திரிகை மட்டும் அடிக்கப் போகிறார் முரளி. எந்த அட்டை என்று இன்னும் முடிவாகவில்லை. யாழினிக்கும் அவருக்கும் அதில் வாக்குவாதம் நடந்துகொண்டிருக்கிறது.

எனக்கு ஒரே ஒரு கவலை மிச்சம். இறந்தவர்களை நாம் சீக்கிரம் சாமியாக்கிவிடுகிறோம். படத்துக்குப் பூப்போட்டு, நல்லவர், பொறுமைசாலி என்று இரண்டு வார்த்தையில் முடித்துவிடுகிறோம். யாழினி வளர வளர உன்னை அப்படி ஒரு படமாக மட்டும் தெரிந்துகொள்ள நான் விடமாட்டேன். நீ பொறுமைசாலி என்று முரளி சொன்னபோது எனக்கு உள்ளுக்குள் சிரிப்புதான் வந்தது. வேன் ஸ்டார்ட் ஆகாத காலையில் உன் வாயிலிருந்து வந்த வார்த்தைகளை அவர் கேட்டதில்லை. நீ வீடு அதிரக் குறட்டை விட்டதை, கேரம் விளையாட்டில் கள்ள ஆட்டம் ஆடியதை, அண்ணியோடு சண்டை போட்டுவிட்டு வேனில் போய்ப் படுத்ததை, அவள் பிறந்த அன்று ஆஸ்பத்திரி வராந்தாவில் பயத்தில் என் கையை நசுக்கியதை, எல்லாவற்றையும் அவளுக்குச் சொல்வேன். அவள் எப்போது கேட்டாலும், யார் பக்கத்தில் இருந்தாலும், குரலைத் தாழ்த்தாமல் சொல்வேன். அவளுடைய அப்பா ஒரு முழு மனிதனாக அவளுக்குத் தெரிந்திருப்பான். இது என் வாக்கு.

நீ கேரமில் ஏமாற்றியதை இன்னும் மன்னிக்காத,
உன் தங்கச்சி
சுமதி